தலைவளையப் பொம்மலாட்டம்: 75 செ.மீ. பொம்மைக்கு எவ்வளவு கனம், எத்தனை கயிறு?

அல்சூர் ஏரிக்கரை

வணக்கம். நவராத்திரிக்கு அல்சூரில் ஒரு கல்யாண மண்டபத்தில் வள்ளி திருமணத்தைப் பொம்மலாட்டமாகப் போடுகிறோம், ஒன்றேகால் மணி நேரம். கும்பகோணம், மயிலாடுதுறைப் பக்கத்து முறைதான்: கயிறு ஆட்டக்காரர் தலையில் மாட்டும் வளையத்தில், கம்பி பொம்மையின் கையில். இன்னும் ஐந்து மாதம் இருக்கிறது. ஆட்டுவதற்கு நாலு பேர். எல்லோரும் பெரியவர்கள், தாளம் தெரிந்தவர்கள், பொம்மைக்குப் புதியவர்கள்.

மொத்தம் ஆறு பொம்மை, ஒவ்வொன்றும் 75 செ.மீ. முழுக்க மரத்தில் செய்வதா, கனம் குறைய ஃபைபர் தலையும் ஸ்பாஞ்ச் உடம்புமாகச் செய்வதா என்று குழுவுக்குள் இழுபறி. மரம் என்றால் எந்த மரம், பெங்களூரில் எங்கே பிடிப்பது? வளையத்தின் விட்டம், கயிறு, கம்பித் தடிமன் எல்லாம் அளவோடு தேவை. மண்டபத்து மேடை 2 அடி உயரம். முன்வரிசைக்காரர்கள் தரையில் ஜமுக்காளத்தில் உட்காருவார்கள், பின்னால் நாற்காலி.

உளிச்சத்தம்

கல்யாண முருங்கைதான். லேசு, செதுக்கச் சுலபம். உளி மொட்டையாக இருந்தால் மட்டும் நார் பிய்த்துக்கொண்டு வரும், அதனால் தீட்டும் கல்லைப் பக்கத்திலேயே வைத்துக்கொள்ளுங்கள். கன்னடத்தில் ஹாலுவாண என்று கேளுங்கள். மைசூர் ரோடு மர மண்டிகளில் இது இருக்காது, கட்டட வேலைக்கு ஆகாத மரம். தோட்டக்காரர்களிடம்தான் கேட்க வேண்டும்: வேலியிலும், மிளகுக்கொடிக்குத் துணையாகவும் வைத்திருப்பார்கள். கிளை கழிக்கும் சமயத்தில் சொல்லி வைத்தால் தடித்த துண்டாகவே கிடைக்கும்.

வெட்டிய வாரத்திலேயே நெடுக்காகப் பிளந்து நடுவிலிருக்கும் சோற்றுப் பகுதியை எடுத்துவிடுங்கள். அதை உள்ளே வைத்துத் தலை செதுக்கினால், கண்ணுக்கும் மூக்குக்கும் நடுவே வெடிப்பு விழுவது நிச்சயம். இந்த மரத்தைப் பூச்சி சீக்கிரம் பிடிக்கும். 10 லிட்டர் தண்ணீரில் போராக்ஸ் 300 கிராம், போரிக் அமிலம் 200 கிராம் கரைத்து, மரம் பச்சையாக இருக்கும்போதே ஒரு நாள் முழுக்க ஊறப் போடுங்கள். காய்ந்த மரத்தில் மருந்து மேலோடு நின்றுவிடும், ஈரம் இருந்தால்தான் உள்ளே இறங்கும். பிறகு துண்டுகளின் இரண்டு முனையிலும் மெழுகு பூசி நிழலில் அடுக்குங்கள். இரண்டரை மாதம் பிடிக்கும். காய்ந்ததா என்று தட்டிப் பார்த்துச் சொல்ல முடியாது. வாரம் ஒரு தரம் எடை போடுங்கள், மூன்று வாரம் எடை மாறாமல் நின்றால் உளியை எடுக்கலாம். ஐந்து மாதம் என்றால் மரத்தை இந்த வாரமே பிடித்தாக வேண்டும்.

மரப்பொம்மைக்குப் பேர்போன சென்னபட்டணம் பெங்களூரிலிருந்து சுமார் 60 கி.மீ. தூரம்தான். அங்கே கடைசலுக்குப் பயன்படும் ஆலெ மரம் நம்முடைய வெட்பாலை. இழை நெருக்கம், மெருகு நன்றாக ஏறும், ஆனால் கல்யாண முருங்கையைவிடக் கனம். உள்ளங்கை, விரல், பாதம் இவற்றுக்கு மட்டும் வாங்குங்கள். கல்யாண முருங்கையில் விரல் செதுக்கினால் நாலு ஒத்திகையில் ஒடிந்துவிடும்.

தலையை உடம்பில் ஐந்தில் ஒரு பங்காக வையுங்கள், அதாவது 75 செ.மீ.க்கு 15 செ.மீ. மனித அளவுப்படி ஏழரையில் ஒன்று என்று போனால் நாலாவது வரிசைக்கு மேல் முகமே தெரியாது. பின்மண்டையைக் குடைந்து சுவர் 12 மி.மீ. மிஞ்சும்படி விடுங்கள். கனமும் குறையும், வெடிப்பும் குறையும். கருவிழியை நேராக எழுதாமல் சற்றே கீழ்நோக்கி எழுத வேண்டும். பொம்மை மேடைமேல் நிற்கிறது, பார்ப்பவர் கீழே இருக்கிறார்.

முக்கியமான ஒன்று. இந்த மரம் திருகாணியைப் பிடித்துக்கொள்ளாது. காதோரம் கயிற்றுக்காகக் கொக்கி திருகினால் பத்து ஒத்திகைக்குள் கழன்று, நடு ஆட்டத்தில் தலை ஒரு பக்கம் சாயும். காதுக்குக் காது ஊடுதுளை போட்டு 4 மி.மீ. கம்பியைக் குறுக்கே செலுத்தி, இரண்டு முனையையும் வளைத்துவிடுங்கள். முழங்கை, முழங்கால், இடுப்பு ஆணிகளுக்கு முதலில் தேக்கில் ஆப்பு இறக்கி, அதில் துளை போடுங்கள். முழங்கால் மூட்டின் முன்பக்கம் மரத்தைக் கழிக்காமல் தடுப்பாக விட வேண்டும். அது இல்லாவிட்டால் கால் முன்னாலும் மடியும்.

பூச்சுக்குப் புளியங்கொட்டைப் பசையும் சுண்ணக்கட்டிப் பொடியும். பசையில் நனைத்த மெல்லிய மல்துணியை முகத்தின் மேல் ஒட்டி, அதன் மேல் மூன்று பூச்சு, ஒவ்வொன்றுக்கும் நடுவில் உப்புத்தாள். பளபளக்கும் எனாமல் பெயிண்ட் முகத்துக்கு வேண்டவே வேண்டாம். விளக்கு பட்டதும் மூக்கு நுனியில் வெள்ளைப் புள்ளி நிற்கும், பார்ப்பவர் கண் அதிலேயே இருக்கும்.

சும்மாடு

வளையம்: 6 மி.மீ. இரும்புக் கம்பி, உள்விட்டம் 22 செ.மீ. தலைச் சுற்றளவு 56 செ.மீ. உள்ளவருக்கு விட்டம் ஏறக்குறைய 18 செ.மீ., சுற்றிலும் 2 செ.மீ. பழைய வேட்டித்துணி சுற்ற இடம் வேண்டும். புருவத்தின் மேல் உட்காரக்கூடாது, நெற்றி முடியும் இடத்தில் உட்கார வேண்டும். நாலு பேருக்கும் நாலு வளையம். ஒருவர் தலைக்குச் சுற்றியது இன்னொருவருக்குப் பொருந்தாது.

தாடைக்கு அடியில் நாடா கட்டி வளையத்தை இறுக்கும் யோசனை யாருக்காவது வரும். கூடாது. பொம்மையின் உடை திரைக்கம்பியில் மாட்டி இழுத்தால் வளையம் கழன்று வர வேண்டும், கழுத்து இழுபடக்கூடாது.

கயிறு மூன்று போதும். காதோரம் இரண்டு, இவை வளையத்தின் முன்பாதியில் இடமும் வலமும். மூன்றாவது தோள்பட்டைகளுக்கு நடுவே முதுகிலிருந்து வந்து வளையத்தின் முன்நடுவில் கட்டப்படும், இதை மட்டும் 1 செ.மீ. தளர்வாக விடுங்கள். வள்ளி வணங்க வேண்டுமா? முதுகுக் கயிற்றைச் சுண்டுவிரலால் பிடித்துக்கொண்டு தலையைத் தாழ்த்தினால் காதுக் கயிறு தளர்ந்து உடம்பு முன்னால் வளையும். பிடிக்காமல் தலையைத் தாழ்த்தினால் பொம்மை வணங்காது, முழங்கால் மடிந்து உட்காரும்.

கயிற்றுக்கு 2 மி.மீ. கறுப்புப் பாலியஸ்டர் பின்னல் நூல். தூண்டில் நரம்பு கண்ணுக்குத் தெரியாது என்று நினைத்து வாங்காதீர்கள், விளக்கில் மின்னும், நீளவும் செய்யும். சாதா நைலானும் இழுபடும். எந்தக் கயிறானாலும் பொம்மையைக் கட்டி மூன்று நாள் தொங்கவிட்ட பிறகுதான் இறுதி அளவு. தேன்மெழுகு தேய்த்தால் முடிச்சு நழுவாது.

கைக்கம்பி 4 மி.மீ. தடிமன், 70 செ.மீ. நீளம். ஒன்று 70 கிராம் வரும். 3 மி.மீ. கம்பி 40 கிராம்தான், ஆனால் கையை வேகமாக உயர்த்தும்போது வில்லாக வளைந்து விரல் நடுங்கும். 5 மி.மீ. 100 கிராமைத் தாண்டும், அரைமணியில் தோள் இறங்கிவிடும். உள்ளங்கையில் ஊடுருவிய ஆணியில் கம்பியின் கண் 2 மி.மீ. ஆடும்படி இருக்கட்டும், இறுக்கினால் மணிக்கட்டு திரும்பாது. மேல்முனையில் 10 செ.மீ. துணி சுற்றுங்கள். மங்கலான கறுப்பு அடியுங்கள். கம்பிக்கும் வளையத்துக்கும் எஸ்.ஜே.பி. ரோடு, துணிக்குச் சிக்பேட்டை.

கல்பனா, வித்யாரண்யபுரம்

மரத்துக்கு இவ்வளவு தீர்மானமாகத் தீர்ப்பு சொல்ல வேண்டாம் என்பது என் கருத்து. இவர்கள் நாலு பேரும் புதியவர்கள். தலையில் மூன்று, நாலு கிலோவை மாட்டி முன்பக்கமாகத் தொங்கவிட்டு ஒன்றேகால் மணி நேரம் ஆடச் சொன்னால் கழுத்து என்ன ஆகும்? பழைய குழுக்களில் சிறுவயதிலிருந்தே கம்பி பிடித்துப் பழகிய உடம்பு. ஃபைபர் தலை 200 கிராமில் முடியும், உடம்புக்கு ஸ்பாஞ்ச். மொத்தப் பொம்மையும் ஒரு கிலோவுக்குள் வரும். இன்று பல நாட்டுப் பொம்மலாட்டக்காரர்கள் இப்படித்தான் செய்கிறார்கள். கலை நிலைக்க வேண்டுமானால் புதியவர்கள் உள்ளே வர வழி வேண்டும், அதற்குக் கனம் தடையாக நிற்கக்கூடாது.

சும்மாடு

கல்பனா அக்கா, கழுத்தைப் பற்றிய கவலை நியாயம். ஆனால் கனத்தை எடுத்துவிட்டால் இந்த முறையே நிற்காது. காரணம் இதுதான்.

பொம்மைக்குக் காலில் கயிறு கிடையாது. பாதம் தரையைத் தொடும்போது ஏற்படும் உராய்வுதான் நடையைத் தருகிறது. ஆட்டக்காரர் ஒரு செ.மீ. இறக்கினால் பாதம் ஊன்றும், உடம்பு முன்னால் போகும், ஒரு செ.மீ. ஏற்றினால் பின்னங்கால் தொங்கி முன்னால் வரும். ஒரு கிலோ பொம்மையில், அதுவும் பட்டுப்பாவாடை கட்டியபின், பாதம் ஊன்றாது. தரையை உரசிக்கொண்டு மிதக்கும்.

இரண்டாவது கை. இரண்டு கம்பியும் சேர்ந்து 140 கிராம். பொம்மை 800 கிராம் என்றால் கையை வீசும் ஒவ்வொரு தடவையும் உடம்பும் கூடவே ஆடும். 3,300 கிராம் என்றால் கை மட்டும் அசையும், மார்பு நிலையாக நிற்கும். அபிநயம் தெரிவது அந்த நிலையில்தான். ஊஞ்சல் ஆட்டத்தைப் பற்றியும் ஒன்று: பொம்மை ஒரு முறை முன்னும் பின்னும் ஆடி வரும் நேரம் கனத்தைப் பொறுத்ததல்ல, தொங்கும் நீளத்தைப் பொறுத்தது. வளையத்திலிருந்து பொம்மையின் இடுப்புவரை 1.1 மீட்டர் என்றால் ஏறக்குறைய 2.1 நொடி. லேசாக்கினால் ஆட்டம் மாறாது, ஆனால் அதை அடக்கப் பாதத்தின் பிடி இருக்காது.

75 செ.மீ. பொம்மைக்கு நான் சொல்லும் கணக்கு: தலையும் கழுத்தும் 600 கிராம், உடல் 900, கை இரண்டும் 300, கால் இரண்டும் 700, உடையும் நகையும் 800. மொத்தம் 3,300. பழைய குழுக்களில் நாலரை அடி உயரமும் 10 கிலோ கனமும் உள்ள பொம்மைகள் உண்டு, இந்தியப் பொம்மைகளிலேயே பெரியவை, கனமானவை அவைதான். அதில் மூன்றில் ஒரு பங்குதான் இது.

உளிச்சத்தம்

கனம் எங்கே இருக்கிறது என்பது முக்கியம். தலையும் மார்பும் கனத்து, கால் லேசாக இருந்தால் 3 கிலோவும் வீண். உடலை இரண்டு பாதியாகக் குடைந்து ஒட்டினால் 900 என்பது 600 ஆகும். மிச்சப்பட்டதில் பாதத்துக்கு ஒவ்வொன்றிலும் 80 கிராம் இரும்பு. ஈயம் வேண்டாம், ஒத்திகையில் குழந்தைகள் தொடுவார்கள். நகையைத் தகரத்தில் செய்யாமல் தடித்த அட்டையில் பசை ஊட்டிச் செய்து, உடையோடு தைத்துவிடுங்கள். தொங்கும் முத்துச்சரம் எல்லாம் கைக்கம்பியில் சிக்கும். இவ்வளவும் செய்தால் 2,800 கிராமுக்குள் நிற்கும், நடையும் கெடாது.

கல்பனா, வித்யாரண்யபுரம்

பாதத்துக்குக் கனத்தை இறக்குவது சரியான வழி, ஏற்கிறேன். கை, உடம்பு விகிதத்தை நான் கணக்கில் எடுக்கவில்லை. ஆனாலும் இரண்டு விஷயத்தை இழையில் பதிவு செய்ய வேண்டும். 16 வயதுக்குக் கீழ் யாருக்கும் தலைவளையம் மாட்டாதீர்கள். அவர்களுக்குக் கையில் பிடிக்கும் குறுக்குக்கட்டையும் ஒரு கிலோவுக்குள் பொம்மையும் போதும். உடுப்பி மாவட்டம் உப்பினகுத்ருவில் காமத் குடும்பத்தார் ஆட்டும் யக்ஷகான பொம்மைகள் ஒன்றரை அடி உயரம்தான், எல்லாக் கயிறும் கையில். அங்கே தலைச்சுமையே கிடையாது, காலுக்கும் தனிக் கயிறு உண்டு, ஆட்டத்தில் ஒரு குறையும் சொல்ல முடியாது.

இரண்டாவது, கழுத்து வலி வேறு, கையில் மரமரப்பு வேறு. தோளிலிருந்து விரல்வரை மரத்துப்போனால் அன்றோடு வளையத்தைக் கழற்றிவிட்டு மருத்துவரைப் பார்க்க வேண்டும். பழகப் பழகச் சரியாகும் என்று யாரும் சொல்லக்கூடாது.

சலங்கையொலி

செய்முறை நிறையப் பேசியாயிற்று. ஆட்டுவதைப் பற்றிச் சொல்கிறேன்.

இந்த முறையில் ஆட்டக்காரர் தம் பொம்மையைக் குனிந்து பார்க்க முடியாது. குனிந்தால் பொம்மை இறங்கும். பக்கத்தில் யார் வருகிறார்கள் என்று தலையைத் திருப்பினால் வள்ளியும் காரணமில்லாமல் திரும்புவாள். கண்ணை மட்டும் தாழ்த்திப் பார்க்க வேண்டும், தலை அசையக்கூடாது. தலையசைத்துச் சைகை காட்டவும் முடியாது என்பதால், அடுத்தவருக்குக் குறிப்பு எல்லாம் காலால்தான்: குதிகாலை ஒரு தட்டு. புதியவர்கள் திணறுவது இங்கேதான், கனத்தில் அல்ல. எனவே முதல் மூன்று வாரம் பொம்மையே வேண்டாம். வளையத்தில் ஒரு கிலோ மணல்பை இரண்டைப் பொம்மை தொங்கும் உயரத்தில் தொங்கவிட்டு, பை ஆடாமல் ஆதி தாளத்தில் நடக்கச் சொல்லுங்கள். முன்னால் ஆள் உயரக் கண்ணாடி. பை ஆடாமல் நடக்கத் தெரிந்தவருக்குப் பொம்மை நாலு நாளில் வசப்படும்.

முதுகு: கழுத்தை வளைக்காமல் இடுப்பிலிருந்து சாய வேண்டும். முழங்கால் எப்போதும் சற்றே மடிந்திருக்கட்டும். அரைமண்டி தெரிந்த பரதக்காரர்களுக்கு இது கைவந்த விஷயம். தொடர்ந்து எட்டு நிமிடத்துக்கு மேல் ஒருவர் வளையத்தில் இருக்க வேண்டாம். நாலு பேர், ஆறு பொம்மை என்பதால் காட்சியைப் பிரித்து எழுதுங்கள்: வள்ளியை ஆட்டுகிறவர் தினைப்புனக் காட்சி முடிந்ததும் வெளியே வர வேண்டும், யானை வரும் காட்சிக்கு வேறொருவர்.

சுற்றிச் சுழலும் இடத்தில் ஆட்டக்காரரும் முழுக்கச் சுழல வேண்டும். வலமாக இரண்டு சுற்று என்றால் அடுத்த வரியில் இடமாக இரண்டு சுற்று கட்டாயம். மறந்தால் காதுக் கயிறு இரண்டும் முறுக்கிக்கொண்டு, பொம்மை தானாகவே திரும்பிக்கொண்டிருக்கும்.

சலங்கையை ஆட்டக்காரர் காலில் கட்டுங்கள், பொம்மைக் காலில் அல்ல. பொம்மையின் பாதம் ஊன்றும் கணமும் உங்கள் கால் தட்டும் கணமும் ஒன்றாக இருந்தால், ஒலி பொம்மையிலிருந்து வருவதாகவே கூட்டம் கேட்கும். தாளத்தில் துளி இடம் தவறினாலும் அந்த நம்பிக்கை போய்விடும்.

குழுவை நடத்தும் ஆசானின் வேலை பெரும்பாலும் பொம்மையைத் தொடாத வேலை. கதை முழுவதும், பாட்டும் வசனமும் சேர்த்து, அவருக்கு மனப்பாடமாக இருக்க வேண்டும். எந்தப் பொம்மை எந்தக் கொக்கியில், எந்த வரிசையில் தொங்குகிறது என்பது இருட்டிலும் தெரிய வேண்டும். மாணவர்களுக்கு முதல் வேலை உடை கட்டுவதும் பொம்மையை எடுத்துக் கொடுப்பதும்தான். அதன்பின் கூட்டத்தில் நிற்கும் பாத்திரம், பிறகு கோமாளி, பிறகு பெண் பாத்திரம், கடைசியில் ராஜா. ராஜாவைக் கடைசியில் வைப்பதற்குக் காரணம் உண்டு: ராஜா அதிகம் அசையமாட்டார், அசையாமல் உயிரோடு இருப்பதுதான் கடினம். கோமாளி தப்புப் பண்ணினாலும் அது ஆட்டத்தில் சேர்ந்துவிடும்.

மேடைவிளக்கு

மேடைக் கணக்கு. பொம்மைக்குப் பின்னால் கறுப்புத் திரை தரையிலிருந்து 95 செ.மீ. உயரம், அதற்குப் பின்னால் ஆட்டக்காரரின் கால்கள். மேலே முன்திரை, அதன் கீழ்விளிம்பு மேடைத்தரையிலிருந்து 110 செ.மீ. கூட்டத்துக்குத் தெரிவது இந்த 110 செ.மீ. திறப்பு மட்டும். அகலம் 4 மீட்டர் இருந்தால் மூன்று பொம்மை தாராளமாக ஆடும்.

உங்கள் மண்டபத்தில் சிக்கல் முன்வரிசைதான். தரையில் உட்கார்ந்தவரின் கண் 75 செ.மீ. உயரத்தில். உங்கள் மேடை 60 செ.மீ., அதோடு 110 சேர்த்தால் முன்திரை விளிம்பு 170 செ.மீ. அவர் 3 மீட்டர் தூரத்தில் இருந்தால் அந்த விளிம்புக்குக் கீழே அண்ணாந்து பார்ப்பார். முன்திரைக்கு 60 செ.மீ. பின்னால் இருக்கும் ஆட்டக்காரரின் கையில் விளிம்புக்கு மேல் 19 செ.மீ. வரை அவருக்குத் தெரியும். 6 மீட்டர் தூரத்தில் அது பாதியாகக் குறையும். ஆகவே ஜமுக்காளத்தை மேடையிலிருந்து குறைந்தது 4 மீட்டர் தள்ளிப் போடுங்கள், ஆடும் ஆழத்தை 45 செ.மீ.க்கு மேல் விடாதீர்கள், ஆட்டக்காரருக்கு முழங்கைவரை கறுப்புக் கையுறை. பலர் முன்திரையைக் கீழே இறக்கிச் சமாளிப்பார்கள். அப்போது நாற்காலிக்காரர்களுக்குப் பொம்மையின் கிரீடம் தெரியாமல் போகும்.

திரைத்துணி வெல்வெட். சாதா கறுப்புப் பருத்தி இரண்டு சலவையில் பழுப்பாகி, கயிற்றின் கறுப்பு தனியாகத் தெரியும். விளக்கு இரண்டு பக்கமும் 45 பாகையில், மஞ்சள் கலந்த வெளிச்சம். கீழிருந்து மேலே அடிக்கும் விளக்கு வைத்தால் கம்பியின் நிழல் பின்திரையில் இரண்டு மடங்காக விழும். எல்.இ.டி. விளக்கின் பிரகாசத்தைக் குறைத்தால் செல்பேசி வீடியோவில் பட்டை பட்டையாக ஓடும். யாராவது கட்டாயம் படம் எடுப்பார்கள், முதல் ஒத்திகையிலேயே செல்பேசியில் எடுத்துச் சரிபாருங்கள்.

அல்சூர் ஏரிக்கரை

எல்லோருக்கும் மிக்க நன்றி. சலங்கையொலி ஐயா சொன்ன மணல்பைப் பயிற்சியை நாளையே தொடங்குகிறோம். ஒரு தோட்டக்காரரிடம் மரத்துக்கும் சொல்லியாயிற்று. இன்னும் இரண்டு கேள்வி. பாட்டை முன்கூட்டியே பதிவு செய்து ஒலிபெருக்கியில் போடலாமா? பாடுகிறவர், மிருதங்கம், ஆர்மோனியம் மூவரையும் எல்லா ஒத்திகைக்கும் வரவழைப்பது சிரமம். மற்றொன்று, வேலன் பொம்மையை இரண்டு பேர் மாறி மாறி ஆட்டுவார்கள், இருவருக்கும் 9 செ.மீ. உயர வித்தியாசம்.

தாளக்கட்டு

பதிவு போட்டு ஒத்திகை பாருங்கள், ஆட்டத்தன்று ஆள் வைத்துப் பாடுங்கள். கயிறு சிக்கினால், பொம்மை வர நேரமானால், பாடுகிறவர் அதே வரியை இன்னொரு முறை சங்கதி போட்டு இழுப்பார். மிருதங்கக்காரர் ஒரு மோரா (முத்தாய்ப்புச் சொற்கட்டு) வைத்து நிரப்புவார். பதிவு நிற்காது. வேலன் வராத மேடையில் வேலன் பாட்டு ஓடிக்கொண்டிருக்கும்.

முடியாத பட்சத்தில் பதிவைக் காட்சிவாரியாகத் துண்டாக்குங்கள், ஒவ்வொரு நுழைவுக்கு முன்னும் சுருதிப்பெட்டி ஒலி மட்டும் தனித் துண்டாக ஓடட்டும். நுழைவு தயார் என்று திரைக்குப் பின்னாலிருந்து சைகை வந்த பிறகே அடுத்த துண்டு. வேகத்தையும் பொம்மைக்குப் பொருத்துங்கள். மேலே ஒருவர் சொன்ன 2.1 நொடி ஆட்டத்தில், பாதி ஆட்டத்துக்கு ஓர் அட்சரம் (தாளத்தின் ஓர் எண்ணிக்கை) என்று வைத்தால் நிமிடத்துக்கு 57 வரும். நடைக்கு அதை ஒட்டிய காலம் எடுத்துக்கொண்டால் பொம்மை தானே ஒத்துழைக்கும். துரிதத்தில் ஒவ்வொரு அடிக்கும் கம்பியால் உடம்பைப் பிடித்து நிறுத்த வேண்டியிருக்கும், அதனால் துரிதமான ஜதியை நாலு ஆவர்த்தனத்தோடு (தாளச் சுற்றோடு) முடியுங்கள்.

நிழற்பாவை

குறுக்கே வருகிறேன், மன்னிக்கவும். பெங்களூரில் இருந்துகொண்டு இந்த வேலையைச் செய்கிறவர்கள் பக்கத்து முறைகளையும் ஒரு முறை பார்த்துவிடுவது நல்லது. கயிறும் கம்பியும் சேர்ந்த பொம்மை கர்நாடகத்திலும் உண்டு. எம்.ஆர். ரங்கநாத ராவ் இதே ஊரில்தான் ரங்கபுத்தளி குழுவை நடத்தினார். அனுபமா ஹொஸ்கெரேயின் தாத்து குழு இன்றும் இங்கே ஆடுகிறது. தோல்பொம்மையில் கொப்பள மாவட்டத்து பீமவ்வாவுக்கு 2025இல் பத்மஸ்ரீ கிடைத்தது.

நம் ஆட்களுக்கு நான் தவறாமல் சொல்வது கேரளத்துத் தோல்பாவைக்கூத்து. பாலக்காடு, ஷொரணூர்ப் பக்கத்துப் பகவதி கோயில்களின் கூத்துமாடத்தில் (கூத்துக்கென்றே கட்டிய மேடையில்), தேங்காய்மூடியில் ஏற்றிய 21 விளக்கின் வெளிச்சத்தில் கம்பராமாயணப் பாட்டுகளையே பாடி ஆட்டுகிறார்கள். அந்த மரபின் கே.கே. ராமச்சந்திர புலவருக்கு 2021இல் பத்மஸ்ரீ. வாயால் பாட்டைச் சொல்லி, அதற்கு உரையும் சொல்லி, கையால் பாவையையும் ஆட்டும் அவர்களைப் பார்த்தால் ஒரு ஆசானுக்கு எவ்வளவு மனப்பாடம் வேண்டும் என்பது விளங்கும். கோமாளி எழுதும்போது நம் தோல்பாவைக் கூத்தின் உளுவத்தலையனையும் உச்சிக்குடும்பனையும் ஒரு தரம் கேளுங்கள். பக்திக் கதையின் நடுவே அன்றைய ஊர்ச்செய்தியைப் புகுத்துவது அவர்கள் வேலை. பெங்களூரில் அது தண்ணீர் லாரியாகவும் இருக்கலாம், சில்க் போர்டு சந்திப்பு நெரிசலாகவும் இருக்கலாம்.

சும்மாடு

உயர வித்தியாசத்துக்குக் கயிற்றை ஒவ்வொரு முறையும் அவிழ்க்காதீர்கள். இரண்டு வழி. குட்டையானவர் 9 செ.மீ. பலகைமேல் நிற்பது ஒன்று. ஆனால் வேலன் மேடையில் குறுக்கே நடக்க வேண்டுமானால் பலகை மேடை அகலத்துக்கும் போட வேண்டும், சலங்கைச் சத்தமும் பலகையில் வேறாகக் கேட்கும். இரண்டாவது வழி மேல். கயிறுகளின் மேல்முனையை வளையத்தில் நேராகக் கட்டாமல் சிறு இரும்புக் கொக்கியில் கட்டுங்கள். நெட்டையானவரின் வளையத்திலிருந்து 9 செ.மீ. கூடுதல் கயிற்றில் கண்ணி தொங்கட்டும், குட்டையானவர் வளையத்தில் கண்ணி ஒட்டியே இருக்கட்டும். பொம்மையின் கொக்கியை எந்தக் கண்ணியில் மாட்டினாலும் பாதம் சரியாகத் தரையில் நிற்கும். மூன்று கயிற்றுக்கும் மூன்று வண்ண நூல் அடையாளம் வைத்தால் இருட்டில் மாறாது. ஒத்திகையை எந்தக் காலணியோடு, அல்லது வெறுங்காலோடு செய்தீர்களோ அப்படியேதான் ஆட்டமும். ஒரு செ.மீ. செருப்புக்கூட நடையைக் கெடுக்கும்.

உளிச்சத்தம்

பெட்டி பற்றி யாரும் கேட்கவில்லை, ஆனால் அதில்தான் பாதிப் பொம்மை கெடுகிறது. ஆட்டம் முடிந்ததும் கைக்கம்பியைக் கழற்றித் தனியாகக் கட்டுங்கள். பொம்மையோடு வைத்தால் விரல் உடையும். கயிறு மூன்றையும் சேர்த்து அட்டையில் எட்டு வடிவில் சுற்றி, அந்த அட்டையைப் பொம்மையின் மார்போடு கட்டிவிடுங்கள். உடையைக் கழற்றி வியர்வையும் ஈரமும் போக ஒரு நாள் நிழலில் உலர்த்த வேண்டும். பொம்மையைப் பிளாஸ்டிக்கில் சுற்றாதீர்கள், பருத்தித் துணி மட்டும், ஒவ்வொரு அடுக்கிலும் வசம்புத் துண்டு. தலை கீழே அழுத்தாமல் கழுத்துக்குத் துணிச்சுருள் வையுங்கள். பிப்ரவரி, மார்ச்சில் பெங்களூர்க் காற்று நன்றாக வறளும், அப்போது பெட்டியைத் திறந்து காதோரமும் கழுத்தடியும் வெடிப்பு ஓடியிருக்கிறதா என்று பாருங்கள். மயிரிழை வெடிப்பு என்றால் புளியங்கொட்டைப் பசையில் மரத்தூள் குழைத்து அடைத்தால் போதும். குறுக்குக் கம்பித் துளை வரை போயிருந்தால் அந்தத் தலையை மேடைக்குக் கொண்டுபோக வேண்டாம், வேறு தலை செதுக்குங்கள். மரம் பிடிக்கும்போதே இரண்டு தலைக்கு அதிகமாகக் காயப் போட்டு வைப்பது அதற்காகத்தான்.